பெட்ரோல் பங்க்: டேங்க் இறங்கிய பிறகு மனு போட்டு என்ன பயன்?

ஆசிரியருக்கு,

வடசென்னையில் புதிய பெட்ரோல் பங்க்குக்கு எதிர்ப்பு பெரும்பாலும் பள்ளம் தோண்டி டேங்க் இறக்கிய பிறகுதான் கிளம்புகிறது. அதற்குள் பங்க் அமைக்க அதிகாரிகள் தரும் தடையில்லாச் சான்று உரிமையாளர் கைக்கு வந்திருக்கும். "பயமாக இருக்கிறது" என்று ரிட் மனு போட்டால், எந்த விதி மீறப்பட்டது என்றுதான் நீதிமன்றம் கேட்கும்.

பதில் சொல்ல உதவுவது மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் 2020 ஜனவரி 7இல் வெளியிட்ட வழிகாட்டுதல். பள்ளிக்கூடம், பத்து அல்லது அதற்கு மேற்பட்ட படுக்கை கொண்ட மருத்துவமனை, சட்டப்படி குடியிருப்பு என வகுக்கப்பட்ட பகுதி ஆகியவற்றிலிருந்து புதிய பங்க் 50 மீட்டர் தள்ளி இருக்க வேண்டும். இடம் போதாவிட்டால் பெசோ (பெட்ரோலியம், வெடிபொருள் பாதுகாப்புக்கான மத்திய அரசு அமைப்பு) சொல்லும் கூடுதல் பாதுகாப்புகளோடு குறைத்துக்கொள்ளலாம். ஆனால் 30 மீட்டருக்குக் கீழே எக்காரணம் கொண்டும் கூடாது. பங்க்குக்கு மேலே உயர் அழுத்த மின்கம்பி போகக்கூடாது. எண்ணூரிலிருந்தும் அத்திப்பட்டிலிருந்தும் மின்தடங்கள் கிளம்பும் நம் பகுதியில் இதை முதலில் அண்ணாந்து பார்த்துவிட வேண்டும்.

அளவை எங்கிருந்து எடுப்பது என்பதில்தான் இரு தரப்பும் சறுக்குகிறது. மதில்சுவரிலிருந்து அல்ல. டேங்கரிலிருந்து எண்ணெய் இறக்கும் வாய், வண்டிக்கு எண்ணெய் போடும் டிஸ்பென்சர், ஆவி வெளியேறும் வென்ட் குழாய், இம்மூன்றில் எது அருகிலோ அங்கிருந்து நேர்கோட்டில் அளக்க வேண்டும். வென்ட் குழாயை மனையின் பின்மூலையில் வைத்துவிட்டு முன்பக்க டிஸ்பென்சரிலிருந்து அளந்து காட்டும் வரைபடத்தை நம்பக்கூடாது.

இன்னொன்று: பக்கத்தில் நாலு வீடு இருக்கிறது என்பது மட்டும் போதாது. நகரின் நில உபயோகத்தை வகுக்கும் முழுமைத் திட்டத்தில் (மாஸ்டர் பிளான்) அந்தச் சர்வே எண் எந்த உபயோகத்தில் காட்டப்பட்டிருக்கிறது என்று சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழுமத்தில் (சிஎம்டிஏ) பார்த்து, அந்தத் தாளை மனுவோடு வைக்க வேண்டும். தொழிற்சாலையும் குடியிருப்பும் ஒட்டிக் கிடக்கும் தண்டையார்பேட்டை, மணலி போன்ற இடங்களில் வழக்கு நிற்பதும் விழுவதும் இந்தத் தாளில்தான்.

பங்க் தொடங்குபவர் சறுக்குவது நிலத்தில். குத்தகை முடிந்தபின் இடத்தில் உட்கார்ந்திருப்பது, பெட்ரோலிய விதிகள் கேட்கும் 'இடத்தின் மீதான உரிமை' ஆகாது என்று தமிழ்நாட்டு வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் 2005இலேயே சொல்லிவிட்டது. கோயில் நிலமானால் ஐந்தாண்டுக்கு மேற்பட்ட குத்தகைக்கு அறநிலையத்துறை ஆணையரின் அனுமதி வேண்டும். முன்பணம் கொடுத்த பிறகு இதைத் தேடுவது வீண். பக்கத்து பங்க்காரர் தன் வியாபாரம் குறையும் என்பதற்காக மட்டும் போடும் வழக்கு பொதுவாக நிற்காது. சினிமா கொட்டகைக்கான தடையில்லாச் சான்று பற்றிய 1976ஆம் ஆண்டு தீர்ப்பு முதல் அதுதான் நிலை.

தடையில்லாச் சான்றை, காவல் ஆணையரகம் உள்ள நகரங்களில் காவல் துறையும் மற்ற இடங்களில் மாவட்ட ஆட்சியரும் தருகிறார்கள். விண்ணப்பத்தின் மீது மூன்று மாதத்துக்குள் முடிவெடுக்க வேண்டும் என்கிறது 2002ஆம் ஆண்டு பெட்ரோலிய விதி. ஆட்சேபத்துக்கு உரிய காலம் அந்த மூன்று மாதம்தான். ஆனால் விண்ணப்பம் வந்திருப்பதே தெருவுக்குத் தெரிவதில்லை. விண்ணப்பம் வந்த வாரமே, 50 மீட்டர் வட்டம் போட்ட வரைபடத்தோடு ஓர் அறிவிப்பை அந்த மனையின் வாசலிலும் வார்டு அலுவலகத்திலும் ஒட்ட வேண்டும். வட்டத்துக்குள் வரும் பள்ளி, மருத்துவமனை, மின்கம்பி எல்லாம் அதில் குறிக்கப்பட வேண்டும். இதற்குப் புதுச் சட்டம் தேவையில்லை. காவல் ஆணையர்கள் ஒரு சுற்றறிக்கை விட்டாலே போதும்.

2013இல் தண்டையார்பேட்டையில் எண்ணெய்க் குழாய் கசிந்து வீட்டு போர்வெல்களில் டீசல் வாடை வந்ததை இங்குள்ளவர்கள் மறக்கவில்லை. ஆகவே அந்த அறிவிப்பில் நிலத்தடி நீர் எத்தனை அடியில் இருக்கிறது, டேங்க் இரட்டைச் சுவர் கொண்டதா என்ற இரண்டு வரிகளையும் கட்டாயம் சேர்க்க வேண்டும்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
புதுவண்ணாரப்பேட்டை, சென்னை