தேர்தல் பத்திரம் வாங்கிய கட்சிகளின் பொருளாளர்களுக்கு

வணக்கம்.

ஸ்டேட் வங்கியில் பத்திரம் வாங்கி, பெயர் வெளியே தெரியாமல் கட்சிக்கு நன்கொடை கொடுக்க வழிசெய்த தேர்தல் பத்திரத் திட்டம் அரசியல் சாசனத்துக்கு விரோதமானது என்று 2024 பிப்ரவரி 15 அன்று உச்ச நீதிமன்ற நீதிபதிகள் ஐந்து பேரும் ஒருமனதாகச் சொன்னார்கள். பத்திரங்களை யார் வாங்கினார்கள், எந்தக் கட்சிக்குப் போயின என்று நீதிமன்றம் கேட்ட விவரத்தைத் தர ஜூன் 30 வரை அவகாசம் கேட்டது ஸ்டேட் வங்கி. முடியாது என்று நீதிமன்றம் சொன்ன மறுநாளே பட்டியல் தேர்தல் ஆணையத்திடம் போய்ச் சேர்ந்தது. சரி, வங்கியைத் திட்டித் தீர்த்தாயிற்று. காசை வாங்கிப்போட்ட உங்களை யாரும் உலுக்கவில்லை.

ஐக்கிய ஜனதா தளம் ஆணையத்துக்கு எழுதிய கடிதத்தைப் படித்திருப்பீர்கள். 2019 ஏப்ரல் 3 அன்று பாட்னா அலுவலகத்துக்கு யாரோ வந்து ஒட்டிய உறை ஒன்றைக் கொடுத்தாராம். பிரித்தால் ஒரு கோடி ரூபாய்ப் பத்திரங்கள் பத்து! கொடுத்தவர் யாரென்று தெரியாதாம், தெரிந்துகொள்ள முயலவும் இல்லையாம். திரிணமூல் காங்கிரஸோ, பெட்டியில் போட்டுவிட்டுப் போனார்கள், ஆள் மூலம் அனுப்பினார்கள் என்றது. எங்கள் ஊரில் நூற்றொரு ரூபாய் மொய் வைத்தாலே நோட்டில் பேரும் ஊரும் ஏறிவிடும்.

திமுக பெயர்களைச் சொன்னது, அதைப் பாராட்டத்தான் வேண்டும். ஆனால் வந்த 656.5 கோடியில் 509 கோடி ஒரே லாட்டரி நிறுவனத்தின் பணம். லாட்டரியை 2003-லேயே தடை செய்த மாநிலத்தில் நடந்த கூத்து இது. அமலாக்கத்துறை வழக்கில் சிக்கிய அதே நிறுவனத்திடம் பாஜகவும் 100 கோடி வாங்கியிருக்கிறது. அமலாக்கத்துறை யார் கையில் இருக்கிறது என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

இன்னொன்று பலருக்கு மறந்தே போய்விட்டது. பத்திர விற்பனை தொடங்கியது 2018 மார்ச்சில். வங்கி தந்த கணக்கோ 2019 ஏப்ரல் 12-இல்தான் ஆரம்பிக்கிறது. இடைப்பட்ட ஓராண்டுக்கு மேலான காலத்தின் பட்டியலையும் கேட்டுப் போட்ட மனுவை நீதிமன்றம் ஏற்கவில்லை. இந்த நன்கொடைகளை விசாரிக்கச் சிறப்புப் புலனாய்வுக் குழு அமைக்கக் கேட்ட மனுக்களும் 2024 ஆகஸ்ட் 2 அன்று தள்ளுபடியாயின.

ஆக, அந்தப் பெயர்கள் இனி உங்களிடமிருந்துதான் வரவேண்டும். திட்டமே செல்லாது என்றான பிறகு எதைக் காட்டி மறைப்பீர்கள்? கொடுத்தவர் பெயர், தேதி, தொகை, அந்தச் சமயத்தில் உங்கள் ஆட்சியில் அவருக்குக் கிடைத்த ஒப்பந்தமோ உரிமமோ இருந்தால் அதுவும். உங்கள் கட்சி இணையதளத்தில் ஒரு பக்கம் போதும். மார்க்சிஸ்ட் கட்சியிடம் இதைக் கேட்க முடியாது. அவர்கள் பத்திரம் வாங்காமல் வழக்குப் போட்டவர்கள்.

இப்படிக்கு,
ஒரு வாக்காளர்