தேர்தல் தள்ளிப்போனால் சமூகப் பணியாளர் எங்கே போவார்?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சமூகப் பணியில் தொடங்கி, ஊராட்சித் தலைவராகி, ஒன்றியக் குழுவைக் கடந்து மாவட்ட அரசியல் வரை வந்த ஒருவரைப் பற்றித் தங்கள் இதழில் வெளியான கட்டுரையைப் படித்தேன். அவருடைய உழைப்பை மனதாரப் பாராட்டுகிறேன். ஆனால் 1996, 2001, 2006, 2011 என ஐந்தாண்டுக்கு ஒருமுறை உள்ளாட்சித் தேர்தல் தவறாமல் நடந்த காலத்தில் அவர் வளர்ந்தார் என்பதையும் கட்டுரை சொல்லியிருக்க வேண்டும்.

வேலூர் மாவட்டத்தில் அந்த வழி ஐந்தாண்டுகள் அடைபட்டுக் கிடந்தது. பழங்குடியினருக்கான இடஒதுக்கீடு முறையாகப் பின்பற்றப்படவில்லை என்று 2016 அக்டோபரில் சென்னை உயர் நீதிமன்றம் தேர்தல் அறிவிக்கையை ரத்து செய்தது. 2019 டிசம்பரில் 27 மாவட்டங்களில் ஊரகத் தேர்தல் நடந்தபோது, வேலூரிலிருந்து ராணிப்பேட்டையும் திருப்பத்தூரும் அப்போதுதான் பிரிக்கப்பட்டிருந்ததால், இம்மூன்று மாவட்டங்களும் விடுபட்டன. 2021 அக்டோபரில்தான் ஊரகப் பகுதிகளில் வாக்களித்தோம். வேலூர் மாநகராட்சி 2022 பிப்ரவரி வரை காத்திருந்தது. தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றங்கள் இல்லாததால் மத்திய நிதிக்குழு மானியமும் நிறுத்திவைக்கப்பட்டது.

குடியாத்தம் பகுதியில் பீடி சுற்றும் பெண்களுக்கு அடையாள அட்டை வாங்கித் தந்து, அவர்கள் பிள்ளைகளின் கல்வி உதவித்தொகைக்காக அலுவலகம் அலுவலகமாக அலைந்த ஒரு பெண்ணை நான் அறிவேன். 2016இல் ஊராட்சித் தலைவர் பதவிக்குப் போட்டியிட அவர் ஆயத்தமாக இருந்தார். பெண்களுக்கு 50 சதவீத இடஒதுக்கீடு என்று அதே ஆண்டு சட்டம் திருத்தப்பட்டிருந்தது. தேர்தல் நின்றதும் ஓராண்டு பொறுத்தார், இரண்டாண்டு பொறுத்தார். பிறகு குடும்பத்தின் நெருக்கடியால் பெங்களூருக்கு வேலைக்குப் போய்விட்டார். அவரைப் போல எத்தனை பேரை இழந்தோம் என்பதற்கு எந்த அலுவலகத்திலும் கணக்கு இருக்காது.

இதை நான் பெரிய இழப்பாகக் கருதக் காரணம் உண்டு. ஊராட்சித் தலைவர், ஊராட்சி வார்டு உறுப்பினர் ஆகிய இரண்டு பதவிகளுக்கு மட்டுமே இங்கே கட்சிச் சின்னம் இல்லாமல் தேர்தல் நடக்கிறது. ஒன்றியக் கவுன்சிலர் பதவியிலிருந்து கட்சி வந்துவிடுகிறது. தான் செய்த பணியை மட்டும் காட்டி வாக்குக் கேட்கும் சமூகப் பணியாளருக்கு ஊராட்சியே முதல் படி. அந்தப் படி இல்லாதபோது, கட்சியில் சேர்ந்து பொறுப்பாளர்களின் பரிந்துரைக்குக் காத்திருப்பதைத் தவிர அவருக்கு வேறு வழியில்லை. தேர்ந்தெடுக்கப்பட்ட தலைவருக்குப் பதிலாக அரசு அதிகாரியே ஊராட்சியை நடத்தும் தனி அலுவலர் ஆட்சியில் ஊழல் குறையும் என்று சிலர் சொல்வதை நான் ஏற்கவில்லை. பல ஊராட்சிகளை ஒருசேரப் பார்க்கும் வட்டார வளர்ச்சி அலுவலரிடம், அணைக்கட்டு ஒன்றியத்தின் பீஞ்சமந்தை போன்ற மலை ஊராட்சியிலிருந்து ஒருவர் இறங்கி வந்து குறை சொல்லிவிட்டுத் திரும்புவதற்கே ஒரு நாள் கூலி போய்விடும். நோயாளியை டோலி கட்டித் தூக்கிவரும் ஊர்களுக்கு, அந்த ஊரிலேயே வாழும் ஒரு தலைவர் வேண்டும்.

சமூகப் பணியாளர்கள் எல்லோருமே நல்ல தலைவர்களாகிவிடுவதில்லை என்பதும் உண்மைதான். கணக்கும் கோப்பும் தெரியாமல் தடுமாறியவர்கள் உண்டு. அடுத்த தேர்தலில் அவர்களை மாற்றும் வாய்ப்பு மக்களிடம் இருந்தால் போதும்.

2019இல் தேர்தல் நடந்த ஊராட்சிகளின் பதவிக்காலம் 2025 ஜனவரியில் முடிந்து, அங்கே மீண்டும் தனி அலுவலர்கள் வந்துவிட்டார்கள். நம் மாவட்ட ஊராட்சிகளின் ஐந்தாண்டு 2026 அக்டோபரில் நிறைவடைகிறது. பதவிக்காலம் முடியும் முன்பே தேர்தலை நடத்தி முடிக்க வேண்டும் என்று அரசியல் சட்டத்தின் 243-உ பிரிவு கூறுகிறது. வார்டு வரையறை, இடஒதுக்கீட்டுப் பட்டியல், வாக்காளர் பட்டியல் ஆகியவை எந்த நிலையில் உள்ளன என்பதை மாநிலத் தேர்தல் ஆணையத்திடம் கேட்டு, மாதந்தோறும் தங்கள் இதழில் வெளியிடுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் வாசகி,
குடியாத்தம், வேலூர் மாவட்டம்.