வசனம் இல்லன்னா ஊரும் இல்லாமப் போயிடுமா?

ஆசிரியருக்கு வணக்கம்.

போன இதழ்ல ஊமைப்பட காமெடி பத்தி வந்த கட்டுரை நல்லாத்தான் இருந்துச்சு, ஆனா கடைசில பேச்சு இல்லாததால அந்தப் படங்களுக்கு ஊரே கிடையாது, எல்லாருக்கும் பொதுன்னு முடிச்சிருந்தாங்க பாருங்க, அத மட்டும் என்னால ஒத்துக்க முடியல.

சாப்ளினோட தொப்பி, கைத்தடி வேஷத்த ஜனங்க முதல்ல பாத்தது 1914ல வந்த ஒரு குட்டிப் படத்துல. லாஸ் ஏஞ்சலஸ் பக்கம் வெனிஸ்னு ஒரு ஊரு, அங்க சின்னப் பசங்க கார் ரேஸ், செட்டு கிட்டு இல்ல, நெஜமா நடந்த ரேஸ். கேமராக்காரர் ரேஸ எடுக்கப் பாக்கறாரு, சாப்ளின் குறுக்க குறுக்க வந்து நிக்கிறாரு, புடிச்சுத் தள்ளினா தொப்பியச் சரி பண்ணிட்டு மறுபடி வர்றாரு. அவ்ளோதான் கதை. பின்னாடி நிக்கிறது அந்த ஊர் கூட்டம், யார்ரா இந்த ஆளுன்னு பாக்கறவங்க கொஞ்சம் கொஞ்சமா சிரிக்க ஆரம்பிக்கறாங்க. அந்தக் கூட்டத்த எடுத்துட்டா காமெடி பாதி போச்சு.

இந்த ஆடில எங்க சேலத்துல குகைங்கற பகுதில, அலங்கார வண்டில சாமி வேஷம் போட்டு வர்ற வண்டி வேடிக்கைய போன்ல எடுத்துட்டு இருந்தேன். வண்டி திரும்பற நேரம் பாத்து ஒரு பெரியவர் முன்னாடி வந்து நின்னுட்டாரு. "அண்ணா, கொஞ்சம் தள்ளி நில்லுங்க"ன்னேன். தள்ளினாரு, சரியா போனுக்கு நேரா! வேட்டிய உதறி இறுக்கிக் கட்டி, துண்ட தோள் மாத்திப் போட்டு ஒரு போஸ் வேற. வீட்ல மியூட் போட்டுத்தான் பாத்தோம், எங்க வீட்டம்மா பாத்த உடனே "செவ்வாய்ப்பேட்டை மண்டி ஆளு மாதிரி இருக்காரே"ங்கறா, அது எங்க ஊர் மொத்த வியாபார ஏரியா. ஒரு வார்த்தை பேசல அவரு.

நம்ம நாட்டுலயே கல்கத்தால 1921ல தீரேந்திரநாத் கங்குலி நடிச்ச 'பிலாத் ஃபேரத்'னு ஊமைப்படம் இருக்கே, கட்டுரைல அதுக்கு ஒரு வரி கூட இல்ல. சீமைக்குப் போய்ட்டு வந்த பையன் துரை மாதிரி நடந்துக்க, வீட்ல பெரியவங்க முழிக்க, வங்காளி வங்காளியையே நக்கல் பண்ணின படம் சார் அது.

எங்க சேலம்தான் கோட்ட விட்டுருச்சு. ஏற்காடு ரோட்டுல மாடர்ன் தியேட்டர்ஸ் சினிமா ஸ்டூடியோவோட ஆர்ச்சத் தாண்டறப்பல்லாம் தோணும், டி.ஆர்.சுந்தரம் அந்தக் கம்பெனிய ஆரம்பிச்சது 1935, தமிழ்ப்படம் 1931லயே பேச ஆரம்பிச்சுருச்சு. ஒரு பத்து வருசம் முன்னாடி வந்திருந்தா எங்க கடைவீதியும் ஊமைப்படத்துல ஓடியிருக்கும்.

கங்குலி பத்தி ரெண்டு பக்கம் போடுங்க சார். அதுக்கும் சாப்ளின் போட்டோவையே போட்டுறாதீங்க.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
குகை, சேலம்