பிஸ்கட் டின்

மாப்ளே,

உன் கடிதம் போன வாரமே வந்துவிட்டது. முழங்கால் வலியில் எதையும் தொடவில்லை, திட்டாதே. மகள் கல்யாணத் தேதி முடிவானதும் சொல், நாலு நாள் முன்னாடியே வந்துவிடுகிறேன்.

உங்கள் ஆச்சி பொத்தானும் ஊக்கும் போட்டு வைத்திருந்தார்களே, ஹன்ட்லி அண்டு பாமர்ஸ் பிஸ்கட் டின், ஞாபகம் இருக்கிறதா? அந்தக் கம்பெனியின் வாரிசு ஒருத்தனைப் பற்றித்தான் இரண்டு நாளாய்ப் படிக்கிறேன். ரொனால்ட் பௌல்டன், இங்கிலாந்தின் ரக்பி ஆட்டக்காரன். அப்பா ஆக்ஸ்போர்டில் விலங்கியல் பேராசிரியர், தாய்மாமன்தான் பிஸ்கட் முதலாளி. மாமன் சொத்து வேண்டுமென்றால் மாமன் பெயரும் வேண்டுமென்று ஏற்பாடு, அதனால் பிற்பாடு பாமர் ஆகிவிட்டான்.

1909ல், 19 வயதில் இங்கிலாந்துக்கு முதல் ஆட்டம். அதே வருஷம் டிசம்பரில் கேம்பிரிட்ஜுக்கு எதிராக ஆக்ஸ்போர்டுக்கு ஆடி, ஒரே ஆட்டத்தில் 5 ட்ரை! எதிரணிக் கோட்டைத் தாண்டிப் போய்ப் பந்தைத் தரையில் வைப்பதைத்தான் ட்ரை என்கிறார்கள். பந்தை இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு, இடுப்பை மட்டும் அப்படி இப்படி ஒடித்து, பிடிக்க வருகிறவனை ஏமாற்றிவிட்டு ஓடுவானாம். நம்மூர்க் கபடியில் நழுவுகிறவனை நினைத்துக்கொள்.

1914ல் அவன்தான் கேப்டன், நாலு ஆட்டத்திலும் ஜெயம். ஸ்காட்லாந்துடன் கல்கத்தா கோப்பைக்கு ஆடியதில் 16-15, ஒரே புள்ளியில் தப்பினார்கள். அந்தக் கோப்பையின் கதை தெரியுமா? கல்கத்தாவில் இருந்த ரக்பி கிளப்பை மூடியபோது, பாங்கில் மிச்சமிருந்த வெள்ளி ரூபாய்களை உருக்கிச் செய்தது. கைப்பிடி மூன்றும் நாகப்பாம்பு, மூடிமேல் யானை. சரி, அதை விடு. ஏப்ரலில் பாரிஸில் பிரான்ஸுக்கு எதிராக 4 ட்ரை வைத்தான், அதுதான் நாட்டுக்காக அவன் ஆடிய 17வது ஆட்டம், கடைசியும் அதுவே.

ஆகஸ்டில் முதல் உலக யுத்தம் வந்துவிட்டது, அவனும் பட்டாளத்தோடு போனான். 1915 மே 5, பெல்ஜியத்தில், நள்ளிரவு தாண்டியதும் பதுங்குகுழிக் கூரைமேல் நின்று வேலை வாங்கிக்கொண்டிருந்தவனை மறைந்திருந்து ஒருத்தன் சுட்டுவிட்டான். வயது 25. அந்தக் கல்கத்தா கோப்பை ஆட்டத்தில் இறங்கிய 30 பேரில் 11 பேர் யுத்தத்தில் போய்விட்டார்கள், இரண்டு பக்கமும் சேர்த்து. இதைப் படித்த ராத்திரி எனக்குத் தூக்கமே வரவில்லை.

அப்புறம், அந்த டின் இன்னும் வீட்டில் இருக்கிறதா? பழைய இரும்புக்காரனிடம் போட்டுவிடாதே, வந்து எடுத்துக்கொள்கிறேன்.