ஊசியில் நூல் கோத்த நான்கு நிமிடம்

அன்புள்ள தம்பிக்கு,

அம்மா எழுதுகிறேன். போனில் பேசினால் "சரி அம்மா, சரி அம்மா" என்று முடித்துவிடுவாய். அதனால்தான் கடிதம்.

நீ விட்டுப்போன ஹார்ட் டிஸ்கில் இருந்த இயக்குநர் அரவிந்தனின் 'தம்பு' படத்தை நேற்று இரவு பார்த்தேன். 1978இல் வந்த கறுப்பு வெள்ளை மலையாளப் படம். ஒரு சர்க்கஸ் கூட்டம் லாரியில் கேரளத்துப் பாரதப்புழை ஆற்றங்கரைக்கு வந்து கூடாரம் அடிக்கிறது, சில நாளில் கிளம்பிப் போகிறது. கதை அவ்வளவுதான். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுப் படுத்துவிடலாம் என்றுதான் உட்கார்ந்தேன். ஆனால் சர்க்கஸ் தொடங்கியதும் கேமரா வித்தைக்காரர்களிடம் நிற்காமல், பார்க்க வந்த ஊர் மக்களிடமே திரும்பத் திரும்பப் போகிறது. வித்தையில் மனம் போய் அவர்கள் கேமராவை மறந்துவிட்டார்கள். அண்ணாந்த கழுத்து, மூட மறந்த வாய். எனக்குத் தூக்கமே போய்விட்டது.

போன வருடம் நீ வந்தபோது எடுத்தது நினைவுக்கு வந்தது. சிங்கப்பூர் தேக்கா மாடிக் கடையில், என் தையல் மெஷின் பக்கத்தில் கேமராவை நிறுத்தி, நான் ஊசியில் நூல் கோப்பதை நான்கு நிமிடம் எடுத்தாய். நுனியை எச்சில் தொட்டு முறுக்குகிறேன், விலகிப் போகிறது. பல்லால் கடித்துத் துப்பிவிட்டு மறுபடி முறுக்குகிறேன். மூன்றாவது தடவைதான் நுழைந்தது. கண்புரை அறுவை சிகிச்சைக்கு முந்தைய மாதம் அது. "இதையெல்லாம் யார் பார்ப்பார்கள்?" என்று துணி கொடுக்க வந்தவர்கள் முன்னால் உன்னைக் கடிந்துகொண்டேன். அப்படிச் சொல்லியிருக்கக் கூடாது.

அதை நாற்பது விநாடியாக வெட்டச் சொல்கிறார்கள் என்று எழுதியிருந்தாய். வெட்டாதே. நூல் தவறிய இரண்டு தடவையையும் எடுத்துவிட்டால் அது என் கை இல்லை.

ஆனால் வேலையை விடப்போகிறேன் என்கிறாயே, அதில் எனக்கு உடன்பாடில்லை. அரவிந்தன் ரப்பர் வாரியத்தில் வேலை பார்த்தவர். முதல் படத்தை 1974இல் எடுத்தபோது வயது நாற்பதை நெருங்கிவிட்டது. உனக்கு இருபத்தொன்பதுதான் ஆகிறது. அவருக்கு வீட்டுக்கு அரிசி வாங்கச் சம்பளம் இருந்தது. 'தம்பு' எடுக்கக் கொல்லத்து முந்திரி வணிகர் ரவீந்திரன் நாயர் பணம் போட்டார். அதனால்தான் ஒரு முகத்தின் மேல் அவ்வளவு நேரம் நிற்க அவருக்கு மனம் வந்தது என்று நினைக்கிறேன். வாடகைக் கவலை இருப்பவனை யார் வேண்டுமானாலும் வெட்டச் சொல்லலாம்.

உனக்கு முந்திரி வணிகர் இல்லை. நான் இருக்கிறேன். இந்தத் தீபாவளிக்கு ரவிக்கை தைத்துச் சேர்ந்த இரண்டாயிரம் வெள்ளியை உன் கணக்கில் போட்டிருக்கிறேன். சாப்பாட்டுக்கு எடுக்காதே, அது படத்துக்கு.

தைப்பூசத்துக்கு வந்துவிடு. காவடியை எல்லாரும் எடுப்பார்கள். நீ பெருமாள் கோயிலில் விடிவதற்கு முன்பே போய் நின்றுகொள். அலகு குத்தும்போது மகனையே பார்த்தபடி நிற்கும் தாய்மார்கள் கேமரா பக்கம் திரும்ப மாட்டார்கள். கேமரா முக்காலியைத் துடைத்து உன் அறையில் வைத்திருக்கிறேன்.

அன்புடன்,
அம்மா