மாதம்மாள் என்றால் மாசத்துக்கு ஒருக்காவா, தம்பி?

ரத்தப் பரிசோதனைக்கு டோக்கன் கூப்பிடும் தம்பிக்கு,

வணக்கம். என்னை ஞாபகம் இருக்காது. போன செவ்வாய்க்கிழமை காலையில் வெறும் வயிற்றோடு வரிசையில் உட்கார்ந்திருந்த 14ஆம் நம்பர் பாட்டியின் மகள் நான். "மதம்மாள்... மதம்மாள்..." என்று இரண்டு தடவை கூப்பிட்டீர்கள். அம்மா அசையவே இல்லை. உங்களைக் குறை சொல்ல மாட்டேன். சீட்டில் இங்கிலீஷில் அடித்திருந்தால் அது 'ம'வா 'மா'வா என்று யாருக்குத் தெரியும்? நான்தான் முழங்கையைப் பிடித்து எழுப்பிவிட்டேன்.

ஊசியை எடுத்துக்கொண்டே, "மாசத்துக்கு ஒருக்கா வர்றதால மாதம்மாளா பாட்டி? என்ன பேரு இது?" என்று கேட்டீர்கள். அம்மாவும் சிரித்தார். "மலைச்சாமி பேரு கண்ணு" என்று மட்டும் சொல்லிவிட்டுப் பஞ்சை அழுத்திப் பிடித்தபடி எழுந்து வந்துவிட்டார். 15ஆம் நம்பர் பின்னாலேயே நின்றதால் எனக்கும் வாய் திறக்க நேரமில்லை. உங்கள் பேச்சு தெற்குச் சீமைப் பேச்சு மாதிரி இருந்தது. தர்மபுரிக்காரரிடம் இதை விளக்க வேண்டியிருக்காது. பென்னாகரம் பக்கம் எங்கள் ஊர்த் தெருக்குழாயில் நின்று "மாதம்மா" என்று கூப்பிட்டால் மூன்று பேர் திரும்புவார்கள். அதனால் கெணத்துமேட்டு மாதம்மா, பூக்கார மாதம்மா என்று முன்னால் எதையாவது ஒட்டிக்கொள்வோம். எங்கள் அம்மா புளியமரத்து மாதம்மா.

தமிழ் படித்தவர்களிடம் கேட்டால், மாது என்றால் பெண், அத்தோடு அம்மாள் சேர்ந்து மாதம்மாள் என்று பிரித்துக் காட்டிவிடுவார்கள். மாதர் என்ற சொல்லுக்குக் காதல் என்று தொல்காப்பியமே பொருள் சொல்கிறது. கேட்க அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். அம்மாவின் தம்பி, என் சொந்த மாமன், அவர் பேர் மாது. ஆறடி உயரம், முறுக்கு மீசை. எங்கள் பக்கம் மாது என்பது ஆம்பிளைப் பேர். மாதையன், மாதப்பன், பெரிய மாது, சின்ன மாது என்று வீட்டுக்கு வீடு உண்டு. ஓர் ஆபீஸில் மாமாவின் பேரைக் கம்ப்யூட்டரில் ஏற்றும்போது, பேரைப் பார்த்தே 'பெண்' என்று பதிந்துவிட்டார்கள். அதை ஆணாக மாற்ற மாமா இரண்டு மாசம் அலைந்தார். பேருக்கு 'பெண்' என்பதுதான் அர்த்தம் என்றால் இத்தனை மீசைக்காரர்கள் அதை வைத்துக்கொண்டிருப்பார்களா, சொல்லுங்கள்.

அம்மா சொன்ன மலைச்சாமி, மாதேஸ்வரன். காவிரிக்கு அந்தப் பக்கம், கர்நாடகத்தில் சாமராஜநகர் மாவட்டத்தில் இருக்கிறது மாதேஸ்வரன் மலை. புலிமேல் ஏறி வரும் சாமி. மகாதேவன் என்பது பேச்சில் தேய்ந்து மாதேவன் ஆகும். கன்னடம் பேசுகிறவர்கள் மாதப்பா என்று அப்பனாக்கிக் கூப்பிடுவார்கள். அந்த 'மாத'வோடு அப்பன் சேர்ந்தால் மாதப்பன், ஐயன் சேர்ந்தால் மாதையன், அம்மாள் சேர்ந்தால் மாதம்மாள். இந்தச் சீமையில் கன்னடமும் தமிழும் ஒரே திண்ணையில் உட்கார்ந்தவை. மாரண்டஅள்ளியில் உள்ள 'அள்ளி' கன்னட ஹள்ளிதான். ஒகேனக்கல்லில் உள்ள 'ஒகே' கன்னடத்தில் புகை. ஊர்ப் பேரே இப்படி இருக்கும்போது ஆள் பேர் மட்டும் தனியாகவா இருக்கும்?

என் ஆயாவுக்கு முதல் இரண்டு குழந்தைகளும் தங்கவில்லை. மூன்றாவது வயிற்றில் இருக்கும்போது தாத்தா பரிசலில் காவிரியைத் தாண்டி, காட்டு வழியே நடந்துபோய் மலையில் வேண்டிக்கொண்டு வந்தாராம். ஆணோ பெண்ணோ, உன் பேர்தான் என்று. பிறந்தது அம்மா. ஆதாரில் 1.1.1953 என்று இருக்கிறது, உண்மையான தேதி யாருக்கும் தெரியாது. அப்போது தர்மபுரி சேலம் மாவட்டத்தில் இருந்தது. மலை இருக்கும் கொள்ளேகால் பக்கம் 1956 வரை கோயம்புத்தூர் மாவட்டம். தாத்தாவுக்கு அது அடுத்த மாவட்டம், அவ்வளவுதான். இப்போது நாங்கள் போனால் வேற்று மாநிலம். அமாவாசைக்கு இன்றும் அம்மா கறி தொடுவதில்லை. நீங்கள் ஊசி குத்தும்போது அவர் உதடு அசைந்ததைக் கவனித்தீர்களா? அது "உகே மாதப்பா". உகே என்றால் போற்றி மாதிரி.

அதற்காக இது வெறும் கன்னடப் பேர் என்று நினைத்துவிடாதீர்கள். மாதேவன் தமிழிலும் பழைய ஆள். மார்கழியில் மைக்செட்டில் போடுவார்களே திருவெம்பாவை, அதன் முதல் பாட்டைக் கேளுங்கள். "வாள்தடங்கண் மாதே வளருதியோ" என்று ஒரு வரி வரும், பெண்ணே இன்னும் தூங்குகிறாயா என்று. அடுத்த வரியிலேயே "மாதேவன் வார்கழல்கள்". மாதும் மாதேவனும் ஒரே பாட்டில் அடுத்தடுத்து! இதைக் கண்டுபிடித்த அன்று எனக்குத் தலைகால் புரியவில்லை. அம்மாவிடம் ஓடிப்போய்ச் சொன்னேன். "அதுக்கென்ன இப்போ, அரிசியைக் களை" என்றார்.

பத்தாம் நூற்றாண்டில் சோழ நாட்டில் செங்கல் கோயில்களைக் கருங்கல்லாக எடுத்துக் கட்டிய ராணி செம்பியன் மாதேவி. மகாதேவி தேய்ந்த மாதேவிதான் அதுவும். ராணிக்கு ஒட்டினால் கம்பீரம், புளி உலுக்கும் பாட்டிக்கு ஒட்டினால் சிரிப்பா? சரி, நீங்கள் கேலியாகக் கேட்கவில்லை, பேச்சுக் கொடுத்தீர்கள், தெரியும்.

பேத்தி என்பதே பெயர்த்தி, பாட்டி பேரைத் தாங்குகிறவள். அண்ணன் வீட்டில் பேத்தி பிறந்தபோது அம்மா வாயைத் திறந்து கேட்கவில்லை, ஆனால் எதிர்பார்த்தார். 'மா'வில் தொடங்குகிறதே என்று மாதவி வைத்தார்கள். மாதவி என்றால் குருக்கத்திக் கொடி. நல்ல பேர்தான், ஆனால் அது வேறு வீட்டுப் பேர் தம்பி. ஆம்பிளைப் பிள்ளைகளுக்காவது மாதேஷ் என்று கொஞ்சம் மிச்சம் இருக்கிறது. மாதம்மாள் என்று கைக்குழந்தை ஒன்றை நான் பார்த்துப் பல வருஷம் ஆகிறது.

அடுத்த மாசமும் செவ்வாய்க்கிழமைதான் வருவோம். சீட்டில் என்ன அடித்திருந்தாலும் 'மா'வை நன்றாக நீட்டிக் கூப்பிடுங்கள். அம்மாவுக்குக் காது கொஞ்சம் மந்தம். அப்புறம் இடது கையில் எடுக்க வேண்டாம், போன தடவை நரம்பு கிடைக்காமல் இரண்டு தடவை குத்தினீர்கள்.

இப்படிக்கு,
புளியமரத்து மாதம்மா மகள்