ஒழுங்கையில் போட்ட தாருக்கும் கணக்குக் கேட்கலாம்

ஆசிரியருக்கு,

பொருளாதார நெருக்கடி விடயத்தில் முன்னாள் சனாதிபதிகள் உட்படப் பலர் பொதுமக்களின் நம்பிக்கையை மீறினர் என்று 2023 நவம்பர் 14 அன்று உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதை மெச்சிப் பேசும் நாங்கள், எங்கள் ஒழுங்கையில் போட்ட தார் ஒரு மாரியோடு கிளம்பினால் தேத்தண்ணிக் கடையில் திட்டிவிட்டு எழும்பிப் போகிறோம். போகவேண்டிய இடம் பிரதேச சபையின் தகவல் அலுவலரிடம்.

2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் காரணம் சொல்லாமலே கேட்கலாம். ஆனால் பலரின் விண்ணப்பம் முதல் வரியிலேயே பிழைத்துவிடுகிறது. "இந்த வீதியில் எவ்வளவு களவு நடந்தது?" என்று எழுதினால், அப்படியொரு தகவல் தம்மிடம் இல்லை என்று பதில் வரும். ஆவணத்தைப் பெயர் சொல்லிக் கேளுங்கள்: வேலை மதிப்பீடு, ஒப்பந்தம், தொழில்நுட்ப உத்தியோகத்தரின் அளவீட்டுப் பதிவு, கொடுப்பனவு வவுச்சர். முதல் நான்கு பக்கப் பிரதி இலவசம். மதிப்பீட்டில் உள்ள தடிப்பையும் அளவீட்டுப் பதிவில் உள்ள தடிப்பையும் குறித்துக்கொண்டு, அடிமட்டத்தோடு வீதிக்குப் போங்கள். தார் கிளம்பிய பள்ளத்தின் விளிம்பில் அடிமட்டத்தை நிறுத்திப் படம் எடுங்கள். மூன்று கணக்கும் ஒத்துவராவிட்டால், இலஞ்ச ஊழல் ஆணைக்குழுவுக்கு அனுப்பும் முறைப்பாட்டோடு இணைக்க அதைவிட நல்ல சான்று வேண்டுமா?

விண்ணப்பம் கிடைத்ததற்கு எழுத்தில் அத்தாட்சி வாங்காமல் வெளியே வராதீர்கள். 14 வேலை நாளுக்குள் முடிவு சொல்லவேண்டும். "அடுத்த கிழமை வாங்கோ" என்பதை நம்பி இருந்துதான் பலர் மேன்முறையீட்டுக்கான 14 நாளையும் தவறவிடுகிறார்கள். பதில் வராமல் விட்டாலும் மேன்முறையீடு செய்யலாம். மேன்முறையீட்டை விசாரிக்கவென்று குறித்தளிக்கப்பட்ட அலுவலர் மூன்று வாரத்தில் தீர்மானிக்கவேண்டும். அதற்குமேல் கொழும்பிலுள்ள தகவல் அறியும் உரிமை ஆணைக்குழுவுக்குப் போக இரண்டு மாத அவகாசம் உண்டு.

"கோவை காணவில்லை" என்ற பதிலைக் கேட்டு ஒருவரும் திரும்பி வரக்கூடாது. சட்டம் நடைமுறைக்கு வந்தபின் உருவான பதிவேடுகளை 12 வருடமாவது பாதுகாக்கவேண்டும் என்கிறது 7ஆம் பிரிவு. கேட்ட தகவலை வேண்டுமென்றே அழிப்பதும் மறைப்பதும் தண்டனைக்குரிய குற்றம்.

உள்நாட்டு நிதியில் 5 இலட்சம் ரூபாவைத் தாண்டும் திட்டங்களைத் தொடங்க மூன்று மாதம் முன்பே மக்களுக்கு அறிவிக்கும் கடமையை 9ஆம் பிரிவு அமைச்சர்கள் மீது வைத்திருக்கிறது. எங்கள் பிரதேச சபைகளும் அதைப் பின்பற்றி, இனித் தொடங்கும் ஒவ்வொரு வீதியின் மதிப்பீட்டையும் ஒப்பந்தத் தொகையையும் வேலை தொடங்கும் முன்பே சபை வாசலிலும் அந்தந்த ஒழுங்கை முகப்பிலும் ஒட்டவேண்டும் என்று உங்கள் பத்திரிகை வாயிலாகத் தவிசாளர்களைக் கேட்டுக்கொள்கிறேன்.

இங்ஙனம்,
வாசகர்,
கோண்டாவில்.